தேவாங்குகள் 'என்று' கற்றுக்கொண்ட கதை

ஒரு காட்டில் பொன்னுருவி என்று ஒரு தேவாங்கு இருந்தாள். காட்டுக்கதை என்றால் சிங்கம் இல்லாமல் யாரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள் என்பதால் ஒரு சிங்கமும் இருந்தது. நம் பக்கத்துக் காடுகளில் சிங்கம் ஏது என்று கேட்கிறவர்கள் அந்தச் சிங்கத்திடமே நேரில் போய்க் கேட்டுக்கொள்ளலாம்.

பொன்னுருவி தன் கூட்டத்தோடு சுனைக்கு மேலே இருந்த மூங்கில் புதரில் குடியிருந்தாள். கணவன் பெயர் சடையன். சடையனுக்கு மூக்கன் என்று ஒரு தம்பி. அண்ணனும் தம்பியும் ஒரே கிளையில் முதுகோடு முதுகு ஒட்டிக்கொண்டுதான் தூங்குவார்கள்.

தேவாங்குகளின் பேச்சு சின்னஞ்சிறு பேச்சு. கண்டதைச் சொல்வார்கள்; காணாததைச் சொல்ல மாட்டார்கள். பெரிய யோக்கியர்கள் என்பதால் அல்ல. காணாததைச் சொல்ல அவர்கள் மொழியில் வழியே கிடையாது. 'மழை வருது' என்று ஒரு தேவாங்கு சொன்னால் அதன் தலையில் நாலு சொட்டு ஏற்கெனவே விழுந்திருக்கும். 'என்று' என்கிற சொல்லே அவர்களிடம் இல்லை. 'அவன் சொன்னான்' என்பது வரைக்கும் சொல்லலாம். என்ன சொன்னான் என்பதை அவனிடமே போய்த்தான் கேட்டுக்கொள்ள வேண்டும்.

இதனால் அவர்களுக்குள் சண்டை வந்ததில்லை. சண்டை வராததால் பஞ்சாயத்து இல்லை. பஞ்சாயத்து இல்லாததால் தலைவர் இல்லை. 'ஐயோ பாவம், பின்தங்கிய கூட்டம்' என்று மற்ற மிருகங்கள் அவர்களுக்காக வருத்தப்பட்டன.

அந்த வருஷம் கோடை கடுமையாக இருந்தது. சுனை வற்றி, ஒரு பெரிய அண்டா அளவுக்குச் சுருங்கிவிட்டது. தண்ணீர் குறைந்தால் குடிக்கிறவர்களைக் குறைக்க வேண்டும். ஆனால் எந்த ராஜாவும் அதை அப்படியே சொல்லிவிட முடியாது. கௌரவமான காரணம் ஒன்று வேண்டும். சிங்கம் காரணத்துக்காகத் தவித்துக்கொண்டிருந்த சமயத்தில்தான் முனைவர் நாரைநாயகம் கிடைத்தார்.

நாரைநாயகம் பனிக்காலத்தில் வடக்கேயிருந்து வந்து, வெயில் ஏறுமுன் திரும்பிப் போகிறவர். சுனைத் தவளைகளின் ருசியில் மயங்கி அந்த வருஷம் தங்கிவிட்டார். அங்கே சீமையில் அவர் கூடு கட்டியிருந்தது ஒரு பல்கலைக்கழகத்தின் புகைபோக்கி உச்சியில். கீழே மனிதர்கள் நடத்திய பாடங்களைப் புகையோடு சேர்த்துக் கேட்டு வளர்ந்தவர். புகை அதிகமான நாட்களில் பாதிப் பாடம்தான் காதில் விழும். அந்தப் பாதியே இங்கே தாராளமாகப் போதுமானதாக இருந்தது.

"மன்னா! மனிதர்களுக்கு ஆயிரமாயிரம் மொழிகள். ஆனால் அத்தனைக்கும் அடியில் ஒரே இலக்கணம்!" என்றார் நாரைநாயகம். "எல்லா மொழியிலும் பெயர் உண்டு, வினை உண்டு. கேள்வி கேட்கலாம், மறுத்துப் பேசலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரு வாக்கியத்துக்குள் இன்னொரு வாக்கியத்தை நுழைக்கலாம். அதற்குள் இன்னொன்றை நுழைக்கலாம். மனிதக் குட்டி பிறக்கும்போதே இந்த அச்சு மண்டைக்குள் இருக்கிறது. மிருகங்களுக்கும் அப்படியே!"

சிங்கம் கொட்டாவி விட்டது. "அந்த அச்சு இல்லாத மிருகம் ஏதாவது இருக்குமா?"

"இருக்க முடியாது, மன்னா. அச்சு இல்லையென்றால் அது பேசுவது மொழியே இல்லை. வெறும் சத்தம்."

கொட்டாவி பாதியில் நின்றது. மறுநாளே ஆணை வந்துவிட்டது. மொழி பேசும் பிராணிகளுக்குச் சுனை. சத்தம் போடும் பிராணிகள் மலைக்குப் பின்னாலிருக்கும் மொட்டைப் பாறைக்குப் போய்விட வேண்டும். எது மொழி, எது சத்தம் என்று முடிவுசெய்ய மொழி ஆணையம். அதன் தலைவர், உறுப்பினர், கூட்டம் எல்லாமே நாரைநாயகம். கதை என்பதால் அந்தக் காட்டில் எல்லோர் பேச்சும் எல்லோருக்கும் புரியும். புரிந்த பின் ஆணையம் எதற்கு என்று கேட்கக்கூடாது. ஆணையங்கள் புரிந்துகொள்வதற்காக ஏற்படுத்தப்படுவதில்லை.

தேர்வு சுறுசுறுப்பாக நடந்தது. தவளைகள் 'கொர்ர்' என்றன, வேறொன்றும் சொல்லவில்லை. "மேலே கேட்பது ஒற்றைச் சொல். ஆழத்தில் இது அடுக்கு வாக்கியம்" என்று நாரைநாயகம் அவற்றைத் தேர்ச்சி பெறச் செய்தார். தவளைகள் மொட்டைப் பாறைக்குப் போய்விட்டால் மத்தியானம் அவர் எதைச் சாப்பிடுவார் என்பதை அப்போது யாரும் யோசிக்கவில்லை.

தேவாங்குகளின் முறை வந்தபோது நடுப்பகல். பகலில் விழித்திருந்து பழக்கமில்லாத கூட்டம். இருப்பதில் கண் கூச்சம் குறைந்தவள் என்று பொன்னுருவியை அனுப்பி வைத்தார்கள். வெயிலில் கண்ணை இடுக்கிக்கொண்டு, சபை நடுவே ஒரு குச்சியைப் பற்றியபடி அவள் தொங்கினாள். ராஜாவின் தேன் பானைக்குக் காவலாக இருந்த கரடியார் அவளுக்குப் பக்கத்தில் நின்றார்.

பெயர், வினை, கேள்வி, மறுப்பு எல்லாவற்றையும் பொன்னுருவி ஒழுங்காகச் சொன்னாள். நாரைநாயகம் தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

"இப்போது இதை உன் மொழியில் சொல் பார்க்கலாம். 'கரடி தேனைத் தின்றது என்று குரங்கு சொன்னது என்று காகம் சொன்னது.'"

பொன்னுருவி கரடியாரைத் திரும்பிப் பார்த்தாள். "நான் பார்க்கலைங்களே."

"நீ பார்த்திருக்க வேண்டியதில்லை. சொன்னால் போதும்."

"பார்க்கலை. எப்படிங்க சொல்றது?"

"அம்மா, இது வெறும் உதாரணம்!"

"தேனைத் தின்னாரா? இல்லையா?"

"நான் தின்னவே இல்லை!" என்று கரடியார் அலறினார். "பானையை நக்கிக்கூடப் பார்க்கலை!"

சபை சலசலத்தது. நக்கிப் பார்த்ததைப் பற்றி யாருமே கேட்கவில்லையே, இவர் ஏன் சொல்கிறார் என்று குரங்குகள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன. அன்று சாயங்காலத்துக்குள் கரடியாருக்கு வேலை போய்விட்டது. பானையில் தேன் நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. அதை யாரும் எட்டிப் பார்க்கவில்லை.

"தேர்ச்சி இல்லை" என்றார் நாரைநாயகம்.

மொட்டைப் பாறையில் மரம் கிடையாது. மரம் இல்லாத இடத்தில் தேவாங்கு ஒரு பகல்கூடத் தாங்காது. பொன்னுருவியின் ரெண்டு குட்டிகள் இன்னும் வயிற்றைப் பிடித்துத் தொங்குகிற வயசு.

"ஐயா, ஒரு பேச்சு. இது எல்லா மொழியிலும் இருக்கு. நீங்க சொன்னீங்க. எங்க மொழியில இல்லை. அப்ப எல்லா மொழியிலும் இல்லை."

நாரைநாயகம் கனிவோடு சிரித்தார். "தப்பு. எல்லா மொழியிலும் இருக்கிறது. உன்னுடையதில் இல்லை. ஆகவே உன்னுடையது மொழி இல்லை. ஆகவே எல்லா மொழியிலும் இருக்கிறது."

சபை கைதட்டியது. சுற்றி வந்து புறப்பட்ட இடத்துக்கே சேர்வதைப் பார்ப்பதில் மிருகங்களுக்கு எப்போதும் ஒரு சந்தோஷம்.

"ஆனாலும் உன் மண்டைக்குள் அச்சு தூங்கிக்கொண்டிருக்கலாம். அமாவாசைக்கு மறுதேர்வு. எழுப்பிக்கொண்டு வா" என்றார் நாரைநாயகம்.

சபையிலிருந்து திரும்புகிற வழியில், காரைப் புதரில் தவிட்டுக்குருவிகள் கூட்டமாக உட்கார்ந்து கத்திக்கொண்டிருந்தன. அதில் பேச்சியம்மாள் என்கிற குருவியின் குரல்தான் தனியாகக் கேட்டது. மான் பெண்ணை அந்த மிளா வீட்டில் கொடுக்கப் போவதாகவும், மிளாவின் அம்மா ஒரு மாதிரி என்றும், சொன்னது தான் இல்லை என்றும் அவள் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, அதைப் பார்த்தீங்களா?" என்றாள் பொன்னுருவி.

"எதை?"

"மிளாவோட அம்மாவை."

"அவ மூஞ்சியில எவ முழிப்பா?"

"பார்க்கலை. ஆனா சொல்றீங்க. எனக்கும் கத்துக் கொடுங்கக்கா."

பேச்சியம்மாளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. மூச்சு விடக் கற்றுக்கொடு என்று யாராவது கேட்பார்களா? விஷயம் தெரிந்ததும் மனசு இளகிவிட்டாள்.

"இது ஒரு வித்தையாடி? முதல்ல 'நமக்கெதுக்கு'ன்னு ஆரம்பி. அப்புறம் விஷயத்தைப் போடு. கடைசியில ஒரு 'ன்னு' போட்டு வேற யார் தலையிலயாவது கட்டு. நீ சொல்லலை, அவங்க சொன்னாங்க. பொய்யாப் போனா அவங்க பாடு. நிஜமாப் போனா 'நான் அன்னைக்கே சொன்னேனே'ன்னு நீ எடுத்துக்கலாம்."

பொன்னுருவி அந்தச் சின்னச் சொல்லை வாயில் வைத்துப் புரட்டிப் பார்த்தாள். ஓடு நீக்கிய வண்டு மாதிரி வழுவழுவென்று இருந்தது.

மூங்கில் புதருக்கு வந்தபோது சடையன் அப்போதுதான் கண் விழித்திருந்தான். மூக்கன் இரை தேடப் போயிருந்தான். சொல்லிப் பார்க்க அவளுக்கு ஒரு வாக்கியம் வேண்டியிருந்தது. கையில் வேறு எதுவும் அகப்படவில்லை.

"நமக்கெதுக்குங்க. நீங்க தூங்குறப்ப உங்க தம்பி உங்க பங்கு வெட்டுக்கிளியைத் தின்னுட்டாருன்னு அணில் சொல்லிச்சு."

எந்த அணிலும் எதையும் சொல்லவில்லை. பொன்னுருவிக்கே சொல்லி முடித்ததும் உடம்பு ஜில்லென்றது. கீழே விழப் போகும்போது வரும் பயமும், விழாமல் கிளை அகப்பட்டதும் வரும் சுகமும் சேர்ந்தாற்போல் இருந்தது.

சடையன் அப்படி ஒரு வாக்கியத்தைப் பிறந்ததிலிருந்து கேட்டதில்லை. அவன் அறிந்த மட்டில் சொன்னால் நடந்தது என்று அர்த்தம். அவன் எழுந்து வேறு கிளைக்குப் போய்ப் படுத்துக்கொண்டான்.

"ஏங்க, அது வெறும் உதாரணம்!" என்று பின்னாலேயே போனாள் பொன்னுருவி. உதாரணம் என்றால் என்னவென்று அவனுக்கு எப்படித் தெரியும்?

அமாவாசை வருவதற்குள் புதர் முழுக்க 'ன்னு' பரவிவிட்டது. பெரியவர்கள் தட்டுத்தடுமாறிப் பழகினார்கள். குட்டிகளுக்கு யாரும் சொல்லித்தரவே இல்லை. அவை பொழுது விடிவதற்குள் நாலடுக்கு, அஞ்சடுக்கு கட்டிப் பேசின. வேவு பார்க்க வந்த நாரைநாயகம் அதைக் கேட்டு இறக்கையை அடித்துக்கொண்டு குதித்தார். "பார்த்தீர்களா, பிறவியிலேயே இருந்திருக்கிறது! கற்றுத்தராமலே வருகிறது!"

அதற்குள் மூங்கில் புதர் மேல்புதர், கீழ்ப்புதர் என்று இரண்டாகிவிட்டது. இரண்டுக்கும் தலைவர்கள் வந்துவிட்டார்கள். வளர்ச்சி கண்கூடாகத் தெரிந்தது.

மறுதேர்வன்றும் நடுப்பகல்தான். இந்தத் தடவை பொன்னுருவி கண்ணை இடுக்கவில்லை. பின்னால் தேவாங்குகள் இரண்டு கட்சியாக உட்கார்ந்திருந்தார்கள். தோற்றால் எல்லோருக்கும் ஒரே பாறைதான்.

"ஒரு வாக்கியம். உன் இஷ்டம்போல" என்றார் நாரைநாயகம்.

பொன்னுருவி மூச்சை இழுத்துக்கொண்டாள்.

"நமக்கெதுக்குங்க மகராஜா. தவளைங்க பாறைக்குப் போயிட்டா தன் சாப்பாட்டுக்கு ஆபத்துன்னு நாரை ஐயா பயந்துதான் அதுங்களுக்கு மொழி இருக்குன்னு சொல்லிட்டாருன்னு ஆமை சொல்லிச்சுன்னு தவிட்டுக்குருவிங்க பேசிக்கிறாங்கன்னு கேள்விப்பட்டேன்."

நாரைநாயகம் அடுக்குகளை மட்டும் விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்தார். ஒரு காலின் விரல்கள் போதவில்லை. "அற்புதம்! வாக்கியத்துக்குள் வாக்கியம், அதற்குள் வாக்கியம்! மன்னா, என்ன கட்டுமானம் பாருங்கள்!"

சிங்கம் கட்டுமானத்தைப் பார்க்கவில்லை. அதற்குத் தன்னைத் தவிர வேறொருவர் சுயநலமாக இருப்பது பிடிக்காது.

"நீ இதைப் பார்த்தாயா?" என்று பொன்னுருவியைக் கேட்டது.

"இல்லைங்க. சொன்னாங்க."

"நாலு பேர் வாயில் விழுந்து வந்திருக்கிறது. அப்படியானால் நிஜமாகத்தான் இருக்கும்" என்றது சிங்கம். விஷயம் நிஜம்தான் என்பது தற்செயல்.

தேவாங்குகள் பேசுவது மொழி என்று அங்கேயே தீர்ப்பாயிற்று. நாரைநாயகத்தை அந்த நிமிஷமே காட்டைவிட்டுப் போகச் சொன்னார்கள். அது தண்டனை என்பதே அவருக்கு உறைக்கவில்லை. தேவாங்குக்கும் இருக்கிறது, விதிவிலக்கே கிடையாது என்று வழியெல்லாம் கத்திக்கொண்டே வடக்கே பறந்தார். அவருடைய கொள்கை இன்றுவரை தோற்றதில்லை. காலியான இடத்துக்குப் பொன்னுருவியையே தலைவியாகப் போட்டது சிங்கம். சுனையில் தண்ணீர் இன்னும் குறைந்துகொண்டிருந்ததால், மற்றவர்களையும் ஒரு சுற்று மறுபடி சோதிக்கச் சொன்னது.

தேவாங்குகள் வெயில் தாங்காமல் தீர்ப்பு வருமுன்பே புதருக்குத் திரும்பியிருந்தார்கள். பொன்னுருவி கொடிகொடியாகப் பற்றி ஏறி, மூச்சிரைக்க வந்து சேர்ந்தாள். சடையனும் மூக்கனும் ஒரே கிளையில், முதுகோடு முதுகு ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அதைக் கண்டதும் அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது.

"ஏங்க, ஜெயிச்சுட்டோம்! சுனை நமக்குத்தான்!"

சடையன் அவளை மேலும் கீழும் பார்த்தான். "யார் சொன்னது?"

"யாரும் சொல்லலை. நானே பார்த்தேன். என் கண் முன்னால ராஜா தீர்ப்புச் சொன்னாரு."

அண்ணனும் தம்பியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"நீ வந்து இப்படித்தான் சொல்லுவேன்னு மூக்கன் அப்பவே சொன்னான்" என்றான் சடையன். "ஆணையத்துல உனக்கு வேலை போட்டுக் கொடுத்து, எங்களையெல்லாம் பாறைக்கு அனுப்பப் போறாங்கன்னு அணில் சொல்லிச்சாம்."

"எந்த அணில்?"

குட்டிகளும் சித்தப்பாவின் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்துகொண்டன.

பொன்னுருவி தனியாகச் சுனைக்கு இறங்கிப் போனாள். ஒருத்திக்குத் தண்ணீர் தாராளமாகவே இருந்தது. வேண்டிய மட்டும் குடித்தாள்.

நீதி: உலகத்து மொழிகளுக்கெல்லாம் இலக்கணம் ஒன்றே. எழுவாய்: அந்த இடத்தில் இல்லாதவர். பயனிலை: என்னமோ செய்தாராம்.