போல்ட் அண்ணனின் ஊமையிரும்பு

உலகத்தில் இல்லாத ஒரு பொருளைப் பற்றி உலகத்திலேயே அதிகம் தெரிந்தவர் எங்கள் போல்ட் அண்ணன்தான். சந்தேகம் இருப்பவர்கள் திருவண்ணாமலைக்கு வந்து அவரிடம் ஐந்து நிமிடம் பேசிப் பார்க்கலாம். ஐந்து நிமிடத்தில் அவர் விடமாட்டார் என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்.

கோயிலுக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு ஹார்டுவேர் கடை. அங்கே நானும் அவரும் மூன்று வருஷம் ஒரே கவுண்டரில் நின்றோம். கண்ணை மூடிக்கொண்டு டப்பாவில் கைவிட்டு, கேட்ட சைஸ் போல்ட்டை எடுத்து வைப்பார். அதனால் வந்த பெயர்தான் போல்ட் அண்ணன்; அசல் பெயரை முதலாளியே மறந்துவிட்டார். கடையில் ஆள் இல்லாத நேரத்தில் அண்ணன் போனில் மாயாஜாலத் தொடர்கதை எழுதுவார். சனிக்கிழமை தோறும் கதை படிக்கும் ஆப் ஒன்றில் ஓர் அத்தியாயம் வரும். அந்தக் கதை நாட்டில் வெட்டி எடுக்கும் உலோகம்தான் ஊமையிரும்பு. அதன்மேல் பட்ட சத்தம் அப்படியே கரைந்துபோகும். அதில் கதவு போட்ட அறைக்குள் ராஜாவும் ராணியும் பாத்திரத்தை வீசிச் சண்டை போட்டாலும் வாசலில் நிற்கும் காவலனுக்குத் தெரியாது.

எழுதியதோடு விட்டிருக்கலாம். கட்டுக்கம்பிக்குச் சொல்வதுபோல அதற்கும் விவரம் சொல்லுவார். "கனம் கம்மி. துரு புடிக்காது. ஆனா உப்புத் தண்ணி மட்டும் ஆவாது."

ஒருநாள் கீழ்பென்னாத்தூரிலிருந்து வெல்டிங் ராடு வாங்க வந்தவர் இதைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அத வெல்டு வெக்கலாமாண்ணே?"

"தாராளமா."

"தட்டிப் பாத்துத்தான ஒட்டிச்சா இல்லியான்னு சொல்லுவோம்? சத்தமே வராதுன்னா எப்படிண்ணே தெரியும்?"

அண்ணன் முகம் வெளுத்துவிட்டது. இரண்டு வாரம் அத்தியாயமே வரவில்லை. மூன்றாவது வாரம் வந்த அத்தியாயத்தில், அந்த நாட்டுக் கொல்லர்கள் இரும்பைப் பல்லால் கடித்து, அதிர்வை வைத்து வெல்டு ஒட்டியதா என்று சோதித்தார்கள். ராடுக்காரர் மெனக்கெட்டு பஸ் ஏறி வந்து கைகொடுத்துவிட்டுப் போனார்.

அப்புறம்தான் கெஸ்ட்ஹவுஸ் அம்மா வந்தார். செங்கம் ரோட்டில், ஆசிரமத்துப் பக்கம், தியானத்துக்கு வருகிறவர்களுக்கு ரூம் விடுகிறவர். கதவுக்குக் கொண்டி வாங்க வந்த இடத்தில் அண்ணன் பேச்சு காதில் விழுந்துவிட்டது.

"சத்தம் உள்ள வராத இரும்பா? எனக்கு ஆறு கதவு போடணுங்க. பக்கத்துல மாவு மில்லு. அமைதி வேணும்னு வர்றவங்க மூணாம் நாளே பெட்டிய கட்டிடறாங்க. இப்படியே போனா நான் மூட வேண்டியதுதான்."

முதலாளி கண்ணில் ஒரு பளபளப்பு. "வரவழைச்சுத் தரோம்மா" என்றவர், அண்ணன் பக்கம் குனிந்து, "சாதா தகட்டுக்குக் கறுப்பு பெயின்ட் அடிச்சா போச்சு, சும்மா இரு" என்றார்.

அண்ணன் சும்மா இருக்கவில்லை. "இல்லீங்கம்மா. அது நான் எழுதற கதையில வர்ற இரும்பு. அந்தச் சுரங்கத்தையும் போன மாசம் ராஜா மூடச் சொல்லிட்டாரு."

"நீ நாளைலேர்ந்து அந்த ராஜாகிட்டயே வேலைக்குப் போ!" என்று கத்தினார் முதலாளி.

அண்ணன் டிபன் கேரியரைக் கையில் எடுத்துக்கொண்டு, அந்த அம்மாவைப் பார்த்து அமைதியாகக் கேட்டார்: "சத்தம் எந்தப் பக்கத்துலேர்ந்து வருதுங்க?"

எனக்கு மனசு கேட்கவில்லை. நானும் கூடவே போனேன்.

கெஸ்ட்ஹவுஸ் வராந்தாவில் நாலு பேர் காதில் பஞ்சு வைத்துக்கொண்டு கண்மூடி உட்கார்ந்திருந்தார்கள். அண்ணன் சுவரில் காதை வைத்தார். திருப்தியில்லை. ஜன்னல் கம்பியை நறுக்கென்று கடித்தார். ஒருவர் ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு, அவசரமாக மூடிக்கொண்டார்.

"கதவு மேல தப்பு இல்லீங்க. மிஷின் வெறுந்தரையில நிக்குது. ஆட்டம் தரை வழியா செவுத்துக்கு ஏறுது. காலுக்கு ரப்பர் வெச்சா அடங்கும்."

அதைச் சொல்ல அந்த அம்மாவோடு பக்கத்து மில்லுக்குப் போனோம். மில்காரர் மாவு அப்பிய மீசையோடு வெளியே வந்தார். "என் மிஷின்ல எவன்யா கை வெக்கிறது?"

ஆத்திரத்தில் நான் சொன்னேன்: "இவரு யாருன்னு தெரியுமா? ஊமையிரும்பு கதை எழுதறவரு!"

மில்காரர் உள்ளே போய் மிஷினை நிறுத்தினார். திரும்பி வந்து அண்ணனை ஏற இறங்கப் பார்த்தார்.

"சேனாதிபதிய கெணத்துல தள்ளிட்டு, போன வாரம் தொடரும்னு போட்டது நீங்கதானா?"

"நான்தாங்க."

"அவரு சாவக் கூடாது."

"அவரு செத்தாதாங்க கதை நகரும்."

"அப்ப என் மிஷினும் நகராது."

அண்ணன் தவித்துப்போனார். மூன்று மாதமாகத் திட்டம் போட்டு வைத்திருந்த சாவு. கெஸ்ட்ஹவுஸ் அம்மா கைகளைப் பிசைந்துகொண்டு நின்றார். அந்த முகத்தை ஒருமுறை பார்த்தார் அண்ணன். "சரிங்க, பொழச்சிக்கட்டும்" என்றார்.

சாயங்காலத்துக்குள் பழைய லாரி டயரை வெட்டி மிஷின் கால்களுக்கு அடியில் கொடுத்தோம். கதவிடுக்குகளில் ரப்பர் பட்டை ஒட்டினோம். மில்லை ஓட்டினார்கள். சத்தம் சாகவில்லை, ஆனால் பாதிக்குமேல் கம்மியாகிவிட்டது. வராந்தாவில் ஒவ்வொருவராகக் காதிலிருந்து பஞ்சை எடுத்தார்கள். அந்த அம்மாவும் ஓரமாக உட்கார்ந்து கண்ணை மூடிப் பார்த்தார். பிறகு, "எனக்கே தியானம் வரும்போல இருக்குதுங்க" என்றார்.

மறுநாள் அந்த அம்மா கடைக்கு வந்து, "நல்ல ஆளா அனுப்பி வெச்சீங்க" என்று முதலாளியைக் கும்பிட்டார். முதலாளி கூச்சமே இல்லாமல் அதை வாங்கிக்கொண்டு, சம்பளப் பாக்கிக்கு வந்து நின்ற அண்ணனை மறுபடி கவுண்டரில் நிறுத்தி, டீயும் சொன்னார்.

சேனாதிபதி பிழைத்துக்கொண்டார். ஆனால் கதையில் அவருக்கு வேலையே இல்லை. கடைசியில் தலைநகரில் ஒரு மாவு மில் வைத்தார். வாசகர்கள் கண்டபடி திட்டி எழுதினார்கள். "வாக்கு குடுத்துட்டேனே" என்றார் அண்ணன்.

நான் இப்போது வேலூரில் வேறு வேலையில் இருக்கிறேன். சனிக்கிழமை காலையில், "என்னண்ணே, அத்தியாயம் இன்னும் காணோம்?" என்று போன் செய்வேன். சாயங்காலம்தான் வரும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். அவரும் அதைச் சொல்வதில்லை, "எழுதிட்டே இருக்கேன், நீ சாப்டியா?" என்றுதான் கேட்பார்.