சாப்டாச்சா, பப்லு?

மதுரையில் யாராவது "சாப்டாச்சா?" என்று கேட்டால், யாரைக் கேட்கிறார்கள் என்று முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். அது தெரியாமல்தான் நான் ஒரு தெருவுக்கே கொடுமைக்காரன் ஆனேன்.

மகளின் பிரசவத்துக்காகச் சென்னை கிளம்பிய அக்கா, தன் லேப்ரடார் பப்லுவை என் வில்லாபுரம் வீட்டில் விட்டுப் போனாள். (பெற்ற மகளைக்கூட இவ்வளவு அழுது ஹாஸ்டலில் விடவில்லை.) பப்லு அப்போதே மாவு மூட்டை மாதிரி இருந்தான். எடை குறையாவிட்டால் இடுப்பு மூட்டு போய்விடும், நடக்கவே மாட்டான் என்று டாக்டர் சொல்லியிருந்தார்.

"நான் வாரப்ப அவன் ஓடி வரணும்டா தம்பி" என்றாள் அக்கா.

அப்போது எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. ஓர் உயிருக்குப் பொறுப்பேற்பது அதுவே முதல்முறை. திட்டம் போட்டேன். காலையில் வாக்கிங், திரும்பியதும் ஒரு டம்ளர் சோறு, வேகவைத்த கோழி, கேரட். சாயங்காலமும் அதேதான். ராணுவம் தோற்றுவிடும்.

வாக்கிங்கில் இட்லிக்கடை செல்வி அக்கா, "தம்பி, சாப்டாச்சா?" என்பார். நடந்த பிறகுதானே சாப்பாடு? "இன்னும் இல்லக்கா" என்பேன். பெட்டிக்கடை அண்ணனும் கேட்பார். அவருக்கும் அதே பதில். என் வயிற்றின் மேல் இந்தத் தெருவுக்கு எம்புட்டு அக்கறை என்று உருகிப்போவேன்.

சில வாரம் கழித்துக் காளவாசலில் டாக்டரிடம் கூட்டிப் போனேன்.

"கூடியிருக்கே! என்ன குடுக்குறீங்க?"

சொன்னேன். "அதுக்கு இப்படி ஏறாதே" என்று ரத்தம் எடுத்துப் பார்த்தார். ஒரு கோளாறும் இல்லை. சோற்றைப் பாதியாக்கி, நடையைக் கூட்டினேன். பப்லு இன்னும் உருண்டான். என் பேண்ட்தான் இடுப்பில் நிற்கவில்லை. (டயட் யாருக்கு என்றே குழம்பிவிட்டது. இவன் காற்றைக் குடித்து வளர்கிறானா?)

ஒருநாள் வாசற்படியில் பின்னங்காலை ஊன்ற முடியாமல் உட்கார்ந்துவிட்டான். எனக்கு அழுகையே வந்துவிட்டது. அந்த நேரம் பார்த்து அக்காவின் ஆட்டோ வந்து நின்றது. பப்லு ஓடவில்லை. வாலை மட்டும் ஆட்டினான்.

அக்கா வாயைத் திறக்குமுன் செல்வி அக்கா ஓடி வந்துவிட்டார்.

"ஏத்தா, இவருகிட்டயா நாய விட்டுட்டுப் போவ? எப்பக் கேட்டாலும் 'இன்னும் இல்லக்கா'ங்கிறாரு! வாயில்லாச் சீவனப் பட்டினி போடலாமா? இவரு ஆபீஸ் போனதும் நாந்தான் கேட்டுக் கம்பி வழியா இட்லி போடுறேன்."

"இட்லியா? நான்ல பன்னு போடுறேன்!" என்றார் பெட்டிக்கடை அண்ணன்.

எதிர்வீட்டு மாடியிலிருந்து ஒரு குரல்: "எங்க வீட்டுல கறிச்சோறு!"

"செல்வி அக்கா... நீங்க என்னையில்ல கேட்டீங்க?"

"உங்கள எதுக்குய்யா கேக்கணும்? உங்களுக்கு எடுத்துத் திங்கத் தெரியாதா?"

அக்கா என்னைப் பார்த்தாள், பப்லுவைப் பார்த்தாள், படியிலேயே உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

தெரு தீனி போடுவதை நிறுத்தியதும் பப்லு மெல்ல மெல்ல இளைத்தான். இப்போது அக்காவை இழுத்துக்கொண்டு ஓடுகிறான். தேறாதவன் நான்தான். பெண் பார்க்கப் போன வீட்டில் பெண்ணின் அம்மா, "வாங்க, சாப்டாச்சா?" என்று அன்பாகக் கேட்க, என் வாய் தானாகத் திறந்தது:

"யாரு, நானா நாயா?"

பக்கத்தில் அக்காவுக்குக் காப்பி மூக்கில் ஏறியது.

கல்யாணம் என்னவோ நடந்துவிட்டது. ஆனால் என் மாமியார் இன்றுவரை அந்தக் கேள்வியை மறுபடி கேட்டதில்லை. என்னைக் கண்டதும் ஒரு வார்த்தை பேசாமல் இலையைப் போட்டுவிடுகிறார்.