கஜதீபனின் லீவும் சாரங்காவின் முதற்பல்லும்

ஹேர்னிங்,
வியாழக்கிழமை.

என்றும் என் மதிப்புக்குரிய அக்கா ஞானேஸ்வரி அவர்களுக்கு,

தம்பி குணசேகரம் பணிவுடன் எழுதுவது. இங்கே நாங்கள் எல்லோரும் சுகம். மழையும் நல்ல சுகம், ஒரு நாளும் படுப்பதாக இல்லை. டோட்முண்டில் உங்கள் முழங்காலும் அத்தானின் சீனி வருத்தமும் சொற்கேட்டு அடங்கியிருக்க வேண்டுமென்று பிள்ளையாரை வேண்டிக்கொண்டு தொடங்குகிறேன். நீங்கள் என் போனை எடுப்பதில்லை. வாட்ஸ்அப்பில் அனுப்பியதைப் பார்த்துவிட்டீர்கள் என்று நீலக் கோடு காட்டுகிறது, பதில் மட்டும் இல்லை. ஆகவே கடிதம். இப்போது டென்மார்க்கில் கடிதம் போடுவதும் லேசுப்பட்ட வேலை இல்லை. தெருவில் நின்ற சிவப்புத் தபால் பெட்டிகளைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள், கடைக்குக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். இவ்வளவு பாடுபட்டு அனுப்புகிறேன், கிழித்துப் போடாமல் கடைசிவரை வாசியுங்கள்.

விஷயம் இதுதான். என் பேத்தி சாரங்காவுக்குப் பல் முளைத்துவிட்டது. கீழ் முரசில், ஈற்றைக் கிழித்துக்கொண்டு, அரிசி அளவு. அடுத்த மாத முதல் சனிக்கிழமை ஹொல்ஸ்டெப்ரோவில் மகன் வீட்டில் பல்லுக்கொழுக்கட்டை. நம்முடைய குடும்பத்தில் எந்தப் பிள்ளைக்குப் பல் முளைத்தாலும் தலையில் கொழுக்கட்டை கொட்டியது நீங்கள்தான். அக்கா வராமல் கொட்டுவதில்லை என்று நான் வீட்டில் சொல்லிவிட்டேன். பல் என் சொல்லுக்கு நிற்காமல் வளர்ந்துகொண்டிருக்கிறது.

நீங்களோ, "ஆம்பிளை வீட்டில இருந்து பிள்ளை பாக்க, பொம்பிளை வேலைக்குப் போற வீட்டு வாசற்படி நான் மிதிக்கமாட்டன்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டீர்கள். உங்களைக் குறை சொல்ல மாட்டேன், முதலில் எனக்கும் தலை சுற்றியது. போன மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை இங்குள்ள தமிழ்க் கடைக்கு முருங்கைக்காய் வந்தது. மருமகள் மிதுஷாவுக்கு முருங்கைக்காய் என்றால் உயிர் என்பதால் ஒரு கட்டு வாங்கிக் காரில் போட்டுக்கொண்டு ஹொல்ஸ்டெப்ரோவுக்குப் போனேன். போனால், நடைவீதியில், பட்டப்பகலில், அந்த நேரம் காற்றாலைக் கம்பனியில் எஞ்சினியர் வேலையில் இருந்திருக்க வேண்டிய என் மகன் கஜதீபன் பிள்ளை வண்டில் தள்ளிக்கொண்டு வருகிறான். இரண்டு பக்கமும் தாடி வைத்த இரண்டு டெனிஷ்காரர், அவர்களிடமும் ஆளுக்கொரு வண்டில். கம்பனியில் ஆட்குறைப்பு, மூன்று பேரையும் ஒன்றாக நிறுத்திவிட்டார்கள் என்று நினைத்தேன். வேறு என்ன நினைப்பது? வேலை போனவனை நடுத்தெருவில் வைத்து விசாரிப்பது முறையில்லை என்று பாண் கடைக்குள் ஒளிந்து, சும்மா நிற்கக் கூச்சப்பட்டு ஒரு கேக்கும் வாங்கி, முருங்கைக்காய்க் கட்டோடு திரும்பி வந்தேன். மனைவி சுஜாந்தினிக்குச் சொல்லவில்லை. முதியோர் இல்லத்தில் நாள் முழுக்க நின்றுவிட்டு வருகிறவளுக்குப் பிரஷரும் இருக்கிறது. அவளுக்கு முந்தியே எல்லாம் தெரியுமாம், சொல்லியிருந்தால் அன்றைக்கே எனக்கு உண்மையைச் சொல்லியிருப்பாள், பின்னால் நடந்தது ஒன்றும் நடந்திராது.

நடந்தது என்னவென்றால், வெள்ளிக்கிழமை கோயிலில் அவன் பெயருக்கு ஒரு அருச்சனை செய்யப் போனேன். ஐயரிடம் காதோடு காதாகத்தான் சொன்னேன். ஐயரும் மெதுவாகத்தான் கேட்டார், "கஜதீபன், உத்தரட்டாதி, போன வேலை திரும்பக் கிடைக்கோணும், சரிதானே?" என்று. மைக்கை நிற்பாட்ட மறந்துவிட்டார். ஞாயிற்றுக்கிழமைக்குள் எங்கள் வீட்டுக்கு மூன்று இடத்திலிருந்து கட்லட் வந்தது. துப்புரவுக் கம்பனி வைத்திருக்கிற ஒருவர் திங்கட்கிழமையே வரச் சொல்லுங்கோ என்றார். சென்னையிலிருந்து கம்ப்யூட்டர் வேலைக்கு வந்திருக்கிற ஐயப்பன் தம்பி என் கையைப் பிடித்துக்கொண்டு, "கவலைப்படாதீங்க சார், பையனோட ரெஸ்யூம மட்டும் எனக்கு அனுப்பச் சொல்லுங்க, நான் பாத்துக்கறேன்" என்று கண் கலங்கினார். எனக்கும் கலங்கியது.

அடுத்த நாள் கஜதீபனிடமிருந்து போன் வந்தது.

"அப்பா, ஆரோ ஒராள் என்னைப் பள்ளிக்கூடம் கூட்ட வரச் சொல்லுறார். எனக்கு எப்ப வேலை போனது?"

"மறைக்காத தம்பி. நான் கண்ணால கண்டனான்."

"அது லீவு அப்பா. பிள்ளை பாக்கிற லீவு. அவங்கள் ரெண்டு பேரும் எங்கட அப்பாமார் குழு."

பிறகு அவன் சட்டத்தை விளக்கினான். பிள்ளை பிறந்தால் தாய்க்கு இவ்வளவு கிழமை, தகப்பனுக்கு இவ்வளவு கிழமை என்று தனித்தனியாக உண்டாம். தகப்பனுடையதில் பதினொரு கிழமையை, அதாவது இரண்டரை மாதத்தை, தாய்க்கு மாற்றிக் கொடுக்க முடியாதாம். அவன் எடுக்காவிட்டால் கடைக் கூப்பன் போலக் காலாவதியாகிவிடும். கொஞ்ச வருடத்துக்கு முன் வந்த சட்டம், பிரசெல்சில் ஐரோப்பிய ஒன்றியத்தில் இருக்கிறவர்கள் சொல்லி எல்லா நாடுகளும் ஏதோ ஒன்று செய்யவேண்டி வந்ததாம். அதற்கு முந்தியும் ஒரு அரசாங்கம் தகப்பன்மாருக்கென்று இரண்டு கிழமையை ஒதுக்கி வைத்ததாம். அடுத்த அரசாங்கம் வந்து, குடும்பத்துக்குள் நாங்கள் தலையிடுவதில்லை என்று அதை எடுத்துவிட்டதாம். இப்போது திரும்பவும் தலையிடுகிறார்களாம். எனக்கு அரசியல் விளங்காது. ஆனால் இலவசமாகக் கிடைக்கிற ஒன்றை வீணாக்கக் கூடாது என்பது விளங்கும். ஹோட்டலில் சவர்க்காரத்தையும் சீனிப் பைக்கற்றையும் விட்டுவிட்டு வராத உங்களுக்கு அது என்னைவிட நன்றாக விளங்க வேண்டும்.

இதை அந்தக் கிழமைக் குடும்ப வீடியோக் கோலில் நான் சொல்லாமல் விட்டிருக்கலாம். சொன்னேன். நீங்கள், "பிள்ளைக்கு மூண்டு வயசு மட்டும் தாய்தான் பாக்கோணும், அதுதான் எங்கட பண்பாடு" என்றீர்கள். லண்டன் தம்பி, "தகப்பன் ரெண்டு கிழமை வீட்டில நிண்டாப் போதும், எங்கட ஆக்கள் அப்பிடித்தான்" என்றான். ரொறன்ரோவிலிருந்து சுஜாந்தினியின் தமையன், "ஒண்டரை வருசம், அதுதான் தமிழ் முறை" என்று அடித்துச் சொன்னார். நானும் சும்மா இருக்காமல், பத்து மாதத்தில் பிள்ளையைக் காப்பகத்தில் விட்டால்தான் நாலு பேரோடு பகிர்ந்து தின்னப் பழகும், அதுதான் நம்முடைய வழக்கம் என்றேன். டெக்சாசில் இருக்கிற சித்தப்பாவின் மகன் மட்டும் வாய் திறக்கவில்லை. அங்கே இதற்கென்று அரசாங்கச் சம்பளமும் இல்லை, லீவும் இல்லை என்கிற மாதிரி. அதனால் பாவம், அவனிடம் பண்பாடும் இல்லை.

கோபிக்காதீர்கள் அக்கா, பிறகு யோசித்துப் பார்த்தேன். ஒரே அம்மா வளர்த்த பிள்ளைகள் நாங்கள். ஒரே பண்பாடு டோட்முண்டில் மூன்று வருடமாகவும் லண்டனில் இரண்டு கிழமையாகவும் எப்படி ஆனது? உங்கள் பிள்ளைகள் பிறந்த நேரம் ஜேர்மன் அரசாங்கம் தாய்க்கு மூன்று வருடம் லீவு கொடுத்தது. தம்பியின் மகள் பிறந்த நேரம் லண்டனில் தகப்பனுக்கு இரண்டு கிழமை. கனடாவில் ஒன்றரை வருடம். எந்த நாடு எவ்வளவு தந்ததோ அவ்வளவைத்தான் நாங்கள் பண்பாடு என்று சாமி அறையில் வைத்துக் கும்பிடுகிறோம் போல இருக்கிறது. சட்டம் மாறினால் பண்பாடும் மாறும், என்ன, ஒரு பத்து வருடம் பிந்தி வரும். இதை வாக்குவாதத்துக்காக எழுதவில்லை. நீங்கள் மூத்தவர், நீங்கள் சொல்வதுதான் சரி.

உங்கள் மகன் ஜதுர்சனைப் பார்த்து இவன் பழக வேண்டும் என்பதையும் ஒத்துக்கொள்கிறேன். அவனுக்கும் கைப்பிள்ளை இருக்கிறது, இருந்தும் கம்பனி அலுவலாக மியூனிக்குக்குப் போய் நிற்கிறான், எப்போது வருவான் என்று தெரியாது என்றீர்கள். அப்படி நீங்கள் சொல்லிக்கொண்டிருந்தபோது உங்களுக்குப் பின்னால் ஒரு ஆண் குரல், "ஆ காட்டு ராசா, ஒருக்கா ஆ காட்டு" என்று கெஞ்சியது. டீவி நாடகம் என்றீர்கள். பெயரைச் சொல்லுங்கள், சுஜாந்தினிக்கு இப்போது பார்க்க நல்ல நாடகம் ஒன்றும் இல்லை.

சாரங்காவின் பல்லைக் கண்டுபிடித்தது கஜதீபன். மிதுஷா மருத்துவமனையில் தாதியாக இருக்கிறாள், அன்று அவளுக்கு வேலை. நான் மேற்பார்வைக்குப் போயிருந்தேன். கஞ்சி ஊட்டும்போது கரண்டியில் 'டிக்' என்றது. "அப்பா, கேளுங்கோ" என்று இன்னொருமுறை தட்டிக் காட்டினான். அவன் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். பிறகு மிதுஷாவுக்குப் போனில் தட்டிக் காட்டினான், அவள் வார்ட்டில் நின்று அழுதாள். கஜதீபனின் பல்லுக்கொழுக்கட்டைக்கு நீங்கள் ரயிலேறி வந்து கொட்டினீர்கள். நான் நெசவாலையில் மெஷினுக்கு முன்னால் நின்றேன். வீட்டுக்கு வந்தபோது ஒரு கோப்பையில் ஆறிப்போன கொழுக்கட்டை மூடி வைத்திருந்தது. எதை எடுப்பான் என்று பார்க்க அவன் முன்னால் பரப்பி வைத்ததில் புத்தகத்தை எடுத்தானா, சங்கிலியை எடுத்தானா என்பதைக்கூட நீங்கள் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அது எனக்கு இன்னமும் கவலை, அக்கா. இந்தமுறை நீங்கள் கொட்ட நான் பார்க்க வேண்டும்.

அதனால் உங்கள் மனம் நோகாதபடி எல்லா ஏற்பாடும் செய்திருக்கிறேன். வண்டிலைப் பக்கத்து வீட்டு ஸ்ரிபனின் கராஜில் விடுவோம். ஏன் வண்டிலை ஒளிக்கிறாய் என்று அவன் கேட்டான். என் அக்கா வருகிறா என்றேன். உன் அக்கா வண்டில் களவெடுப்பாவா என்று கேட்டான். கஜதீபன் கோட்டும் டையும் கட்டி, பையைத் தூக்கிக்கொண்டு காலையில் வெளியே போய், நீங்கள் வந்த பிறகு வேலையால் களைத்து வருகிற மாதிரி வருவான். சனிக்கிழமை எந்தக் கம்பனி திறந்திருக்கும் என்று மிதுஷா சிரிக்கிறாள். காற்றுக்குச் சனி ஞாயிறு உண்டா என்று நான் பதில் வைத்திருக்கிறேன். பிள்ளையை மிதுஷா மட்டும்தான் தூக்குவாள், போத்தலும் அவள் கையில்தான் இருக்கும். ஒருமுறை ஒத்திகை பார்த்தோம். தகப்பன் வெளியே போனதும் பிள்ளை கதவைப் பார்த்துக் கத்தியது, அவன் உள்ளே வந்த பிறகுதான் நிறுத்தியது. அதை அன்றைக்குப் பல்லு நோவு என்று சொல்லிச் சமாளிக்கலாம். நீங்கள் காணக்கூடாத ஒன்றையும் காணாமல், வந்த கௌரவத்தோடு திரும்பிப் போகலாம். இதற்கு நான் பொறுப்பு.

அத்தானுக்கு என் வணக்கம். மியூனிக்கில் தனியே கஷ்டப்படுகிற ஜதுர்சனுக்கும், அவன் மனைவிக்கும், குழந்தைக்கும் என் ஆசீர்வாதம். உங்கள் கோபம் ஆறவும், முழங்கால் மடங்கவும், ஜேர்மன் ரயில் ஒருநாளாவது நேரத்துக்கு ஓடவும் பிள்ளையார் துணை நிற்கட்டும்.

உங்கள் சொல்லை ஒருநாளும் தட்டாத தம்பி,
குணசேகரம்

பி.கு. ஒட்டிய உறையைக் கடை வாசலில் வைத்துத் திரும்பக் கிழித்து இதை எழுதுகிறேன். கஜதீபனிடமிருந்து இப்போதுதான் போன் வந்தது. பல் முளைக்கிற பிள்ளைக்குக் கஞ்சி எவ்வளவு தடிப்பாகக் காய்ச்ச வேண்டும் என்று கேட்டு ஜதுர்சன் அவனுக்குப் போன் செய்தானாம். ஜதுர்சன் மியூனிக்கில் இல்லையாம். இரண்டு மாத லீவு போட்டு உங்கள் வீட்டு மேல்மாடியில் பிள்ளை பார்க்கிறானாம். தகப்பனும் லீவில் நின்றால்தான் ஜேர்மன் அரசாங்கம் அந்த இரண்டு மாதக் காசைத் தருமாம், அதை வீணாக்கக் கூடாது என்று நீங்கள்தான் மருமகளிடம் சொன்னீர்களாம். நாடகத்தின் பெயர் இனித் தேவையில்லை. மேலே எழுதிய ஏற்பாடுகள் எல்லாம் ரத்து. வண்டில் முன்வாசலில் நிற்கும், கஜதீபன் ஏப்ரன் கட்டிக் கொழுக்கட்டை அவிப்பான். ஜதுர்சனையும் பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வாருங்கள், அவர்களுடைய வண்டிலையும் கொண்டுவரட்டும். செவ்வாய்க்கிழமைவரை நின்றால் அப்பாமார் குழுவுக்கும் அழைத்துப் போகலாம், அங்கே என்னை எல்லோருக்கும் தெரியும். அரிசி மாவை நான் இன்றைக்கே வறுக்கிறேன். நீங்கள் வந்து கொட்டுங்கள் அக்கா, இந்தமுறை பிள்ளையைப் பிடித்துக்கொண்டு இருக்கப்போவது நான்தான்.