இரண்டு செவ்வாய் உள்ள பெண்

பினாங்கில் அந்த மாதம் யாரும் யாரையும் "சாப்பிட்டீங்களா?" என்று கேட்கவில்லை. "மாத்திட்டீங்களா?" என்றுதான் கேட்டார்கள்.

மாற்றிக் கொடுத்தது ஒரு கருவி. பெயர் கதைமாற்றி. உள்ளங்கையில் அடங்கும். பச்சை விளக்கு எரியும். பீப் என்று கத்தும். அதனுடன் தரும் பேனாவால் உங்கள் வாழ்க்கைக் கதையைத் தாளில் எழுதிக் கொடுத்தால், பிடிக்காத வரியை அழித்துவிடும். தாளில் அழிந்தால் பிரபஞ்சத்திலும் அழிந்துவிடுமாம். பிரபஞ்சத்தின் தலைமை அலுவலகம் லிட்டில் இந்தியாவில், ஒரு சேலைக் கடையின் மாடியில் இருந்தது.

கண்டுபிடித்தவர் 'குவாண்டம் சித்தர்' பக்கிரிசாமி. போன வருடம் வரை பட்டர்வொர்த்தில் தண்ணீர் வடிகட்டி விற்றவர். இப்போது விதியை வடிகட்டினார்.

கெப்பாலா பத்தாஸிலிருந்தெல்லாம் ஆட்கள் வந்தார்கள். ஜுருவில் பழைய கார் விற்கும் கருப்பையா, "என் கார்கள் விற்கவில்லை" என்று எழுதிக் கொடுத்தார். வரி மறைந்தது. மறுநாளே ஒரு கார் விற்றது. அன்று காலைதான் விலையைக் குறைத்திருந்தார். அதை அவர் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை.

ரூபினியை இழுத்து வந்தது வேறு கதை. அவளும் தனேஷும் கல்யாணம் செய்துகொள்ள முடிவு செய்திருந்தார்கள். தனேஷின் அம்மா ஜெயலெட்சுமி ஜாதகம் பார்த்தார். ரூபினிக்கு ஏழாம் கட்டத்தில் செவ்வாய். தோஷம்!

"பொண்ணு தங்கம்தான். ஆனா என் பையன் உசிரோட இருக்கணும்லா" என்று கல்யாணத்தை நிறுத்திவிட்டார். கதைமாற்றியால் செவ்வாய் நகர்ந்தால் மட்டும் சம்மதம். கூலி, ரூபினியின் அம்மா கோகிலாவின் கழுத்துச் சங்கிலி.

நான்கு பேரும் மாடியேறினார்கள். ரூபினி கணினியில் அச்சடித்த ஜாதகத்தை நீட்டினாள். சித்தர் தொடவே இல்லை.

"அச்சடிச்ச விதி அடம் பிடிக்கும்மா. நம்ம பேனாவால கைப்பட எழுதின விதிதான் சொல்பேச்சு கேட்கும்."

அவர் பேனாவை எடுத்துக் கட்டங்களை வரைந்தார். ஏழாம் கட்டத்தில் 'செ' என்று எழுதினார். அதன் மேல் கதைமாற்றியைத் தேய்த்தார். பீப். செவ்வாய் காணாமல் போனது. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. அதே பேனாவால் மூன்றாம் கட்டத்தில் 'செ' என்று எழுதினார். ஒரு கிரகம் நான்கு கட்டம் தாண்டிக் குதித்திருக்கிறது. உலகத்தில் ஒரு தொலைநோக்கிக்கும் தெரியவில்லை.

"மூணாம் கட்டத்துல தோஷமே இல்ல. தாராளமா கல்யாணம் பண்ணலாம்!" என்ற ஜெயலெட்சுமிக்கு வாயெல்லாம் பல்.

கோகிலா சங்கிலியின் கொக்கியில் கை வைத்தார். ரூபினி தாளைத் தடவினாள். ஏழாம் கட்டம் சுட்டது.

"ஐயா," என்றாள் மெதுவாக. "அழிஞ்சது திரும்ப வராதுல்ல?"

"ஏழு ஜென்மத்துக்கும் வராது."

"அம்மா, சங்கிலியை இப்ப கழட்டாதீங்க. கொஞ்சம் கீழே போயிட்டு வரலாம்."

சேலைக் கடைக்குப் பக்கத்தில் ஹபீப் முகம்மதுவின் ஐஸ்கிரீம் கடை. ரூபினி தாளைப் பிளாஸ்டிக் பைக்குள் போட்டாள். கூட்டமும் வேடிக்கை பார்க்க இறங்கி வந்தது. பயந்துபோய்ச் சித்தரும் வந்தார்.

"அண்ணே, இதை உங்க ஐஸ்கிரீம் பெட்டியில கொஞ்ச நேரம் வைக்கலாமா?"

"வைம்மா. மாங்கா ஐஸ்கிரீம் மேல வைக்காத, விதி ஒட்டிக்கும்."

"குளிர் கெட்ட சக்தி! பிரபஞ்சத்துக்கு ஜலதோஷம் பிடிக்கும்!" என்றார் சித்தர்.

"பிரபஞ்சத்துக்குச் சட்டை போட்டு விடுங்க சித்தரே!" என்றான் தனேஷ்.

காத்திருந்த நேரத்தில் ஆளுக்கொரு ஐஸ்கிரீம் வாங்கினார்கள். சித்தருக்கும் ஒன்று கொடுத்தார்கள். அவர் கையில் அது உருகி ஒழுகியது.

ரூபினி பெட்டியைத் திறந்து தாளை எடுத்தாள். ஏழாம் கட்டத்தில் செவ்வாய் வந்து உட்கார்ந்திருந்தது. மூன்றாம் கட்டத்திலும் இருந்தது.

"ஐயோ! ரெண்டு செவ்வாய்!" என்று அலறினார் ஜெயலெட்சுமி.

"அத்தை, இது சூட்டுல மறையுற மை. ரொம்பக் குளிர்ந்தா திரும்ப வரும். பள்ளிக்கூடத்துல பசங்க வச்சிருக்கிற பேனாதான். அந்தக் கருவி சும்மா சூடு பண்ணுது."

கூட்டத்தில் நின்ற கருப்பையா, சட்டைப் பையில் பத்திரமாக வைத்திருந்த தன் தாளைப் பெட்டிக்குள் திணித்தார். கொஞ்ச நேரத்தில் "என் கார்கள் விற்கவில்லை" வெளியே வந்தது. பிறகு எல்லோரும் திணித்தார்கள். கடன், மூட்டுவலி, பேசாத மருமகள், எல்லாம் பனி பூத்து வெளியே வந்தன.

ரூபினி தன் பால்பாயிண்ட் பேனாவால் ஒரு தாளில் எழுதி நீட்டினாள். "பக்கிரிசாமி ஏமாற்றுக்காரர்."

"இதை அழிங்கய்யா."

சித்தர் தேய்த்தார். பீப். மறுபடி தேய்த்தார். பீப். தாள் லேசாகப் பழுப்பேறியது. எழுத்து அசையவில்லை. கூட்டம் தெரு அதிரச் சிரித்தது. "எங்க காசை எடுத்து வைய்யா!" என்று கருப்பையா அவர் சட்டையைப் பிடித்தார்.

ஜெயலெட்சுமி மட்டும் சிரிக்கவில்லை. "அப்ப தோஷம் அப்படியேதானே இருக்கு?"

ரூபினி கேட்டாள். "அத்தை, மாடியில மூணாம் கட்டத்துல எழுதினதும் சரின்னு சொன்னீங்க. அந்த ஒரு நிமிஷத்துல எங்கிட்ட என்ன மாறுச்சு?"

ஜெயலெட்சுமி அவளை ஏற இறங்கப் பார்த்தார். தாளைப் பார்த்தார்.

"ஒண்ணும் மாறலதான்" என்றார். தாளை நான்காக மடித்து, ஐஸ்கிரீம் ஒழுகிய தன் கையைத் துடைத்துக்கொண்டார். "சம்பந்தியம்மா, மண்டபம் பார்க்க எப்பப் போகலாம்?"

இந்த இடத்தில் கதையை முடித்திருக்கலாம். ஆனால் மறுநாள் காலை ஹபீப் முகம்மது கடையைத் திறந்தபோது வாசலில் வரிசை நின்றது. கையில் ஜாதகங்கள். முன்னால் நின்ற பெண்மணி பெட்டிக்குக் குங்குமப் பொட்டு வைத்தார்.

"அக்கா, அதுல ஐஸ்கிரீம் மட்டும்தான்லா இருக்கு!"

"அடக்கமா பேசுறாரு பாருங்க. சக்தி உள்ளவங்க இப்படித்தான்" என்றார் பின்னால் நின்றவர்.

மக்களே, ஐஸ்கிரீம் பெட்டியில் எதை வேண்டுமானாலும் வையுங்கள். மூளையை மட்டும் வெளியே எடுத்துவிடுங்கள். அது ரொம்ப நாளாக உள்ளேதான் இருக்கிறது.