அடக்கியாண்டான் எழுந்து இடம் கொடுத்தான்

மயிலாப்பூர்,
செவ்வாய்க்கிழமை காலை

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி பத்ரிநாராயணன் அநேக நமஸ்காரங்களுடன் எழுதுவது. நமஸ்காரத்தை எழுத்திலேயே ஏற்றுக்கொள்ளவும். விழுந்து சேவித்தால் என்னை எழுப்பிவிட இப்போது இரண்டு பேர் வேண்டியிருக்கிறது. முட்டியைத் தவிர நானும் ஜானுவும் இங்கே சௌக்கியம். அங்கே நீயும், அத்திம்பேரும், உப்புக்காற்றில் துருப்பிடித்துக்கொண்டே இருக்கும் உங்கள் வாசல் கேட்டும் சௌக்கியமாக இருக்க வேண்டும் என்று பெருமாளை வேண்டிக்கொள்கிறேன்.

மயிலாப்பூரிலிருந்து பாலவாக்கத்துக்கு யாராவது கடிதம் எழுதுவார்களா, போன் என்ன ஆயிற்று என்று நீ கேட்பாய். போன் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அதில் உன் குரல் கேட்டால் என் வாயிலிருந்து ‘சரிக்கா’ என்ற ஒரே வார்த்தைதான் வருகிறது. உதாரணம் சொல்கிறேன். எனக்குத் தாவரவியல் படிக்க ஆசை, நீ கணக்கு என்றாய், சரிக்கா. பச்சை ஸ்கூட்டர் பார்த்து வைத்திருந்தேன், நீ சாம்பல் நிறம் என்றாய், சரிக்கா. என் மூக்குக் கண்ணாடிக்கு ஃப்ரேம் எடுக்க நான் போகவே இல்லை, நீயே எடுத்து வந்து மாட்டிவிட்டாய், அதற்கும் சரிக்கா. குறை சொல்லவில்லை. அப்பா போன பிறகு நீ அப்படி இருந்ததால்தான் நான் படித்து வாத்தியார் ஆனேன். ஆனால் சென்ற புதன்கிழமை நீ போன் செய்து, உங்கள் வீட்டுக் கீழ்ப்போர்ஷன் காலியாகிவிட்டது, வருகிற வெள்ளிக்கிழமை நாள் நன்றாக இருக்கிறது, லாரிக்குச் சொல்லியாகிவிட்டது, ஃப்ளாட்டைப் பூட்டிக்கொண்டு இரண்டு பேரும் நிரந்தரமாக வந்து சேருங்கள் என்றாயே, அதற்கும் பழக்க தோஷத்தில் சரிக்கா என்று சொல்லிவிட்டேன். அந்தச் ‘சரிக்கா’வைத் திரும்பப் பெற்றுக்கொள்ளத்தான் இந்தக் கடிதம். இன்று தபாலில் போட்டால் வியாழக்கிழமை உன் கைக்கு வந்துவிடும். லாரியை நிறுத்த ஒரு நாள் இருக்கும்.

இவனுக்கு இத்தனை தைரியம் எங்கிருந்து வந்தது என்று நினைப்பாய். ஞாயிற்றுக்கிழமை மாலை நாலேகால் மணிக்கு நான் ஓர் அரக்க தெய்வத்தை ஜெயித்தேன் அக்கா! பதற வேண்டாம், ரத்த அழுத்தம் சரியாகத்தான் இருக்கிறது, பார்த்துவிட்டேன்.

ஆரம்பத்திலிருந்து சொல்கிறேன். நாலு மாதத்துக்கு முன் ஒரு ஞாயிறு மத்தியானம் கீழ் வீட்டிலிருந்து “கொல்லு! விடாதே, கொல்லு!” என்று சத்தம். அங்கே வர்ஷினி இருக்கிறாள், அடையாறில் பல் வைத்தியம் பார்க்கிற பெண், பரம சாது. என்னமோ ஏதோ என்று கைத்தடியோடு இறங்கிப் போனால், சாப்பாட்டு மேஜையைச் சுற்றி அவளும் இரண்டு பிள்ளைகளும் காகிதமும் பென்சிலுமாக உட்கார்ந்து சுண்டல் தின்றுகொண்டிருக்கிறார்கள். ஒருவன் சக்திவேல், திருநெல்வேலிக்காரன், தி.நகரில் பாத்திரக்கடை. மற்றவன் ஃபைசான், சைதாப்பேட்டை கோர்ட்டில் ஜூனியர் வக்கீல். நாலாவதாக ஆடிக்கொண்டிருந்தவன் கனடா போய்விட்டானாம். “மாமா, நீங்க உக்காருங்களேன், ஒரு மந்திரவாதி குறையறது” என்றாள் வர்ஷினி. அறுபத்தேழு வயதில் என்னை மந்திரவாதி வேலைக்குக் கூப்பிட்டது அவள்தான். உட்கார்ந்துவிட்டேன்.

ஆட்டம் எப்படி என்றால், கதாகாலட்சேபம் மாதிரி என்று வைத்துக்கொள். ஆனால் பாகவதர் நடுவில் நிறுத்தி, “முன்வரிசை மாமி, இப்போ ராஜகுமாரன் குகைக்குள்ள போகலாமா, வேண்டாமா?” என்று கேட்கிறார். மாமி ‘போகட்டும்’ என்கிறாள். அது பலிக்குமா பலிக்காதா என்பதைத் தாயக்கட்டை தீர்மானிக்கிறது. பாகவதர் வர்ஷினி, மாமிகள் நாங்கள் மூன்று பேர். தாயக்கட்டைக்கு மட்டும் இருபது முகம். இருபதும் சமபக்க முக்கோணம், அக்கா! முப்பத்தாறு வருஷம் கரும்பலகையில் வரைந்து காட்டிய வடிவத்தை அன்றுதான் முதன்முதலாகக் கையில் பிடித்துப் பார்த்தேன். அன்றைக்கு அதை உருட்டவே எனக்கு மனம் வரவில்லை.

ஒவ்வொருவரும் தம் ஆளைப் பற்றி ஒரு தாளில் எழுதித் தர வேண்டும். பலம் என்ன, பலவீனம் என்ன என்று. சக்திவேல் தன் வீரனுக்குப் பலவீனம் ‘எதுவும் இல்லை’ என்று எழுதியிருந்தான். தேர்வுத்தாளில் பொய் எழுதக்கூடாது என்று ஆயுள் முழுக்கச் சொன்னவன் நான். அதனால் என் மந்திரவாதிக்கு உள்ளதை உள்ளபடி எழுதினேன். ஒன்று, இரண்டு முட்டியும் தேய்ந்துவிட்டது, மடக்க முடியாது. இரண்டு, மூன்று மணிக் காபி தவறினால் மந்திரம் மறந்துவிடும். மூன்று, அக்காவை எதிர்த்துப் பேச வராது. வர்ஷினி சிரித்துக்கொண்டே கீழே கையெழுத்துப் போட்டுவிட்டாள். அந்தக் கையெழுத்துதான் பின்னால் எங்களைக் காப்பாற்றியது.

இந்த ஞாயிறு, நாலு மாதமாகத் தேடி வந்த அரக்க தெய்வத்தின் மண்டபத்துக்குள் நுழைந்தோம். அவனுக்கு ஆட்டத்தின் விதிப்புத்தகத்தில் இருக்கிற பெயர் வாயில் நுழையாது. சக்திவேல் வைத்த பெயர் அடக்கியாண்டான். மூன்று கொம்பு, பச்சைக் கண், கறுப்புக் கல் சிம்மாசனம். சுற்றி முந்நூறு பேர் மண்டியிட்டுக் கிடக்கிறார்கள். உலகத்தில் எல்லாரும் தன் சொல்படி நடக்க வேண்டும், அவ்வளவுதான் அவனுக்கு ஆசை. பொன்னும் வேண்டாம், பொருளும் வேண்டாம். அவன் ‘மண்டியிடு’ என்றால் நாம் பகடை உருட்ட வேண்டும். பதினைந்துக்குக் கீழே விழுந்தால் மண்டியிட வேண்டும். முட்டி தரையில் பட்டதோ, அவன் அடிமை. ‘மாட்டேன்’ என்று சொன்னால் அங்கேயே எரித்துவிடுவான்.

வர்ஷினி குரலைத் தாழ்த்தி “மண்டியிடு” என்றாள். சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு உடம்பு சிலிர்த்தது. அந்தக் குரலை எங்கேயோ கேட்டமாதிரி இருந்தது. சக்திவேல் உருட்டினான், நாலு. “அய்யோ, போச்சுல!” என்று தலையில் அடித்துக்கொண்டான். அவன் வீரன் மண்டியிட்டான். ஃபைசான் உருட்டினான், ஒன்பது. “இன்னா மச்சி இது, பகடையா துரோகியா?” என்றான். அவன் வில்லாளியும் மண்டியிட்டான். நாலு மாத உழைப்பும் என் கையில். உருட்டினேன். இரண்டு.

“மாமா, மண்டி போட்டுடுங்கோ. எல்லாம் முடிஞ்சது” என்றாள் வர்ஷினி.

“போடறதுக்கு எனக்கு ஆட்சேபணை இல்லைம்மா. ஆனா முட்டி மடங்காதே. டாக்டர் தரையில உக்காரவே கூடாதுன்னுட்டார்” என்றேன்.

“அது உங்க முட்டி மாமா. இது மந்திரவாதி முட்டி.”

“அவனுக்கும் அதே முட்டிதான். தாளைப் பாரு. நீ கையெழுத்துப் போட்டிருக்கே.”

பார்த்தாள். போட்டிருந்தாள். ஃபைசான் நாற்காலியை உதைத்துத் தள்ளிவிட்டு எழுந்தான். அவன் வாதாடுவதை நீ பார்க்க வேண்டும், அக்கா. எனக்கு அன்றுதான் அந்த பாக்கியம் கிடைத்தது. “ஒரு நிமிஷம் டாக்டரம்மா! மாட்டேன்னு சொன்னாத்தானே எரிப்பான்? சார் மாட்டேன்னு சொல்லவே இல்ல. முடியலன்னு சொல்றாரு. முடியாதவனை எரிக்கணும்னு எந்தப் பக்கத்துல கீது? காட்டு!” என்று புத்தகத்தைத் தட்டினான். வர்ஷினி பத்து நிமிஷம் புரட்டினாள். எங்கேயும் இல்லை. மாறாக, அந்த மண்டபத்தில் அரக்கனுக்கு எதிரே யாரும் நின்றுகொண்டிருக்கக் கூடாது, நின்றால் அவனுக்கு அவமானம் என்று மட்டும் போட்டிருந்தது. நானோ நின்றுகொண்டிருக்கிறேன். வலிக்க வேறு வலிக்கிறது.

அப்போது எனக்கு எந்தத் தந்திரமும் தோன்றவில்லை, அக்கா. கல்யாண வீட்டிலும் கச்சேரியிலும் நம் வயதுக்காரர்கள் எல்லாரும் கேட்பதைத்தான் கேட்டேன். “ஒரு நாற்காலி போட்டா உக்காந்துண்டே கேக்கறேன்” என்றேன்.

வர்ஷினி கண்ணை மூடிக்கொண்டு “அடக்கியாண்டான் யோசிக்கறான்” என்றாள். எல்லாரும் மண்டியிடுகிற இடத்தில் நாற்காலி எதற்கு வாங்கி வைத்திருக்கப்போகிறான்? அங்கே இருந்த ஒரே ஆசனம் அவன் சிம்மாசனம்தான். என்னை நிற்க விடவும் முடியாது, எரிக்கவும் முடியாது, மண்டியிட வைக்கவும் முடியாது. இந்தச் சிக்கலிலிருந்து அவன் புத்தி தப்புமா என்று அவனுக்காக வர்ஷினி பகடை உருட்டினாள். உருண்டது. சுண்டல் கிண்ணத்தில் முட்டி நின்றது.

ஒன்று!

அவள் நேர்மையான பெண், மறைக்கவில்லை. அடக்கியாண்டான் மெல்ல எழுந்தான். சிம்மாசனத்தைத் தன் அங்கவஸ்திரத்தால் தட்டிவிட்டு, “பெரியவரே, இதுல உக்காருங்க” என்றான். கவனித்தாயா? அதுவரை ‘மண்டியிடு’ என்றவன் ‘உக்காருங்க’ என்றான்! அந்த ‘ங்க’விலேயே அவன் கதை முடிந்துவிட்டது. நான் உட்கார்ந்தேன். அந்த ஆசனத்தில் யார் இருக்கிறார்களோ அவர்கள் சொல்வதுதான் அங்கே சட்டம். முப்பத்தாறு வருஷப் பழக்கத்தில் என் வாயில் வந்த முதல் உத்தரவு, “எல்லாரும் எழுந்து நில்லுங்கோ.” முந்நூறு அடிமைகளும் எழுந்துவிட்டார்கள், அக்கா! சக்திவேல் “சார்வாள், எங்கள வாழ வச்சுட்டிய!” என்று என்னை அப்படியே தூக்கிவிட்டான். பாத்திரக்கடைப் பிள்ளை, அண்டா தூக்கிப் பழகிய கை. சத்தம் கேட்டு ஜானு மாடியிலிருந்து “ஏன்னா, விழுந்துட்டேளா?” என்று அலறினாள். “இல்லடி, ஜெயிச்சுட்டேன்!” என்று நான் அலறினேன்.

அன்று ராத்திரி சாப்பிடும்போது ஜானுதான் கேட்டாள்: “அரக்கன்கிட்ட பேசத் தெரிஞ்சவருக்கு அக்காகிட்ட பேசத் தெரியாதா?” யோசித்தேன். அதனால் ‘வரமாட்டேன்’ என்று நான் சொல்லவே இல்லை என்பதை நீ கவனிக்க வேண்டும். வருகிறேன். ஆனால் ஒரு நாற்காலி போட்டால் வருகிறேன். ஜானுவிடம் சனிக்கிழமை பாட்டுக் கற்றுக்கொள்ள நடந்தே வருகிற ஐந்து குழந்தைகள் அங்கே வேண்டும். காலை ஆறு மணிக்கு நான் சுற்றி வரப் படிக்கட்டு வைத்த குளம் ஒன்று வேண்டும். ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்கு வர்ஷினியும் சக்திவேலும் ஃபைசானும் அந்த மேஜையும் வேண்டும். என் வாழ்நாளில் நானே தேர்ந்தெடுத்துக்கொண்டது இது ஒன்றுதான். இவற்றை நீ பாலவாக்கத்தில் போட்டுக்கொடுத்தால் வந்து உட்காருகிறேன். முடியாதென்றால் லாரியை நிறுத்திவிடு. இதற்கு எந்தப் பக்கத்தில் என்ன விதி இருக்கிறது என்று நீயே புரட்டிப் பார்.

அத்திம்பேருக்கு என் நமஸ்காரம். ஜானு உன்னை மிகவும் விசாரித்தாள். உன் ஆணையை அல்ல, ஆசியை மட்டும் வேண்டி நிற்கும்,

உன் அன்புத் தம்பி
பத்ரி

பி.கு.: ஒட்டுவதற்காகக் கவரை எடுத்தபோது காலிங் பெல் அடித்தது. நான்கு தடவை போன் செய்தும் எடுக்கவில்லை என்று, அதே தேய்ந்த முட்டியோடு, லிஃப்ட் இல்லாத இரண்டு மாடி ஏறி, மூச்சு வாங்க நீயே வந்து நிற்கிறாய். நான் என்ன செய்வேன்? எழுந்து, குஷன் போட்ட என் நாற்காலியைத் தட்டி, “உக்காருக்கா” என்றேன். நீ உட்கார்ந்தாய். என் கண்ணாடியையே வாங்கி மாட்டிக்கொண்டு இந்தக் கடிதம் முழுவதையும் படித்தாய். “அந்த அரக்கன் அசடு. நானா இருந்தா எழுந்திருப்பேனா?” என்றாய். பிறகு, “எழுதுடா, கீழயே எழுது. எழுத்து மூலமா எங்கிட்ட இருக்கட்டும்” என்றாய். நீ சொல்லச் சொல்ல எழுதியது பின்வருமாறு:

‘பாட்டுக் கற்றுக்கொள்ள எங்கள் தெருவில் ஆறு குழந்தைகளுக்குச் சொல்லியாகிவிட்டது, ஒன்று கூடவே இருக்கிறது. வாசலில் சமுத்திரமே இருக்கும்போது இவனுக்குக் குளம் கேட்கிறதா? மாடி ஏறும் வழியில் பார்த்த பல் டாக்டர் பெண்ணே ஆட்டக் கதையெல்லாம் சொன்னாள், அவளிடம் பேசியாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை மூவரும் பாலவாக்கம் வருகிறார்கள், மொட்டை மாடியில் மேஜை போடச் சொல்லியாயிற்று. இனி அரக்கன் வேஷம் எனக்கு. வெள்ளிக்கிழமை ஒன்பது மணிக்கு லாரி. பத்ரியும் ஜானுவும் எழுதிக் கொடுப்பது: தயாராக இருப்போம்.’

‘இருப்போம்’ என்பதற்குப் பிறகு முற்றுப்புள்ளி வைக்கச் சொன்னாய், வைத்துவிட்டேன். சரிக்கா.

இப்போது நீ காபிக்காக எழுந்து ஜானுவோடு சமையலறைக்குள் போயிருக்கிறாய். நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது. குஷன் இன்னும் சூடு ஆறவில்லை. கடைசி நாலு வரியை நின்றுகொண்டே எழுதுவதால், கையெழுத்து கோணலாக இருந்தால் மன்னிக்கவும்.