சத்தம் வராத படம்

கானாடுகாத்தான் வீட்டில் திரை கட்டியாயிற்று. சொந்தபந்தமெல்லாம் நாற்காலி பிடித்து உட்கார்ந்தாயிற்று. நவநீதகிருஷ்ணனின் லேப்டாப்பிலிருந்து படமும் நன்றாகத்தான் ஓடியது. சத்தம்தான் வரவில்லை.

படம் லேசுப்பட்டதல்ல. அறுபதாம் கல்யாண மாப்பிள்ளை முருகப்பன் தானே எழுதி, தானே மெட்டுப் போட்ட பாட்டுகளைக் கோவிலூர் கோயில் வாசலில் நின்று ஒன்றரை மணி நேரம் பாடியிருந்தார். இது நல்லபடி ஓடினால் மகள் தீக்ஷாவின் கல்யாண வீடியோவும் நவநீதனுக்குத்தான் என்று வாக்குக் கொடுத்திருந்தார். காரைக்குடியில் ஸ்டுடியோ திறந்த நாளிலிருந்து இப்படியொரு கல்யாணம் அவன் கைக்கு வந்ததில்லை.

மைக்செட் பெத்தனைக் கேட்டான். பெத்தன் மைக்கைத் தட்டிக் காட்டினான். "நம்ம பக்கம் பேசுதுண்ணே," என்று சொல்லிவிட்டு விட்டத்தைப் பார்த்தான்.

அப்படியானால் கோளாறு லேப்டாப்பில்தான். அதன் சொந்த ஸ்பீக்கர் எப்போதோ செத்துவிட்டதால் சோதிக்கவும் வழியில்லை. காலையில் லேப்டாப்பில் இடம் போதவில்லையென்று, பெயர் புரியாத டிஎல்எல் ஃபைல்கள் சிலவற்றை அழித்திருந்தான். அவை பங்காளிகள் வீட்டு வளவு முற்றத்தைப் போலப் பொது. படம் ஓட்டுவது, வெட்டி ஒட்டுவது, ஆல்பம் போடுவது என்று எல்லா மென்பொருளும் அங்கேதான் புழங்கும்.

முருகப்பனின் மனைவி மீனலோசனி ஆச்சி காப்பியோடு வந்தார். "படந்தான் ஓடுதே தம்பி, அது போதும். சிரமப்படாதீக."

என்ன பெரிய மனசு என்று அவன் உருகிப்போனான். இவர்களை ஏமாற்றக் கூடாது என்று அப்போதே முடிவு செய்தான்.

இணையத்தில் தேடி, அழித்ததன் பெயரிலேயே இருந்த ஃபைல் ஒன்றை இறக்கிப் போட்டான். ஓடிக்கொண்டிருந்த படமும் நின்றது. ஒக்கூரில் ஸ்டுடியோ வைத்திருக்கும் மாயக்கண்ணனிடம் கெஞ்சி அவன் ஃபைலை வாங்கிப் போட்டான். படம் வந்தது, ஆனால் முருகப்பன் பச்சைப் பசேலென்று தலைகீழாகத் தொங்கினார். கூடவே, மறுநாள் கொடுக்க வேண்டிய வேறொரு கல்யாண ஆல்பமும் திறக்க மாட்டேன் என்றது. மென்பொருள் எல்லாவற்றையும் நீக்கிவிட்டுப் புதிதாகப் போடலாமென்று நீக்கினான். நீக்கியது நீங்கியது. புதிதாகப் போடும் நேரம் பார்த்துச் சிக்னல் போய்விட்டது.

ஆச்சி மறுபடி வந்து, விட்டுவிடுங்கள், சாப்பிடப் போகலாம் என்று ஏறக்குறைய மன்றாடினார். அவனுக்கு அழுகையே வந்துவிட்டது. நேராக முருகப்பனிடம் போய், தப்புத் தன்னுடையதுதான், இனிப் படம் ஓடாது என்று எல்லார் முன்னாலும் ஒப்புக்கொண்டான்.

முருகப்பன் கோபப்படவில்லை. அவர் முகம் மலர்ந்தது.

"அதுக்கென்ன தம்பி, பாடுன ஆளே இங்கன இருக்கேனே. பெத்தா, மைக்க இங்குட்டுக் கொண்டா."

பின்வரிசையில் எழுந்தவர்களைக் கையமர்த்தி உட்கார வைத்துவிட்டு, தொண்டையைச் செருமினார். ஆச்சி தூணைப் பிடித்துக்கொண்டார்.

மைக்கைக் கொடுத்துவிட்டுத் திரும்பிய பெத்தன், நவநீதன் காதோரம் குனிந்தான்.

"ஆச்சி சொல்லித்தான் லேப்டாப்புலேர்ந்து சத்தம் வர்ற ஒயர காலையிலயே உருவி வச்சேன். நீங்க சும்மா இருந்திருந்தா, அவரு வாயசைக்கிறத மட்டும் பாத்துட்டு எல்லாரும் சாப்பிடப் போயிருப்போம்ணே."