பர்மனென்ட்_கெசியா

மனித குலத்தின் தலைசிறந்த கண்டுபிடிப்பு நெருப்பு என்று சிலரும், சக்கரம் என்று சிலரும் சொல்லித் திரிகிறார்கள். பாவம், அவர்கள் யாரும் எங்கள் கம்பெனியில் வேலை பார்த்ததில்லை. பார்த்திருந்தால், மனிதன் கண்டுபிடித்தவற்றுள் ஈடு இணையற்றது 'பெயர் மாற்றம்'தான் என்று சூடம் அணைத்துச் சத்தியம் செய்திருப்பார்கள்.

மாதனூரைத் தாண்டி நெடுஞ்சாலை ஓரத்தில் நீலத் தகரக் கூரையோடு தெரிகிறதே, அதுதான் எங்கள் ஷூ கம்பெனி. நான் அதன் மனிதவள அதிகாரி சூரியபிரகாஷ், எம்.பி.ஏ. கம்பெனி பிறந்தபோது அதற்குப் 'பொன்னடி ஷூஸ்' என்று பெயர். சில வருடங்களில் 'பொன்னடி ஃபுட்வேர்' ஆயிற்று. பிறகு 'பொன்னடி எக்ஸ்போர்ட்ஸ்'. இந்த ஏப்ரல் முதல் 'பொன்னடி குளோபல்'. ஒவ்வொரு முறையும் மாறியது கேட்டுக்கு மேலே இருக்கும் போர்டு மட்டும்தான். கட்டடமும் மெஷின்களும் எம்.டி. ரத்தினசாமி ஐயாவும் அப்படியே இருந்தார்கள்.

ஆனால் கம்பெனி புதிது என்றால் அதில் வேலை பார்ப்பவர்களும் புதியவர்கள்தானே? எனவே ஏப்ரல் பிறந்ததும் எல்லோரும் 'புதிதாக' வேலையில் சேர்ந்தார்கள். தைத்துத் தைத்து விரல் காய்த்துப்போன பெண்கள் அனைவரும் ஒரே நாளில் 'டிரெய்னி' ஆனார்கள். அடையாள அட்டையைத் தொங்கவிடும் டேக், பர்மனென்ட் ஆட்களுக்கு நீலம், டிரெய்னிக்குப் பச்சை. டிரெய்னிக்குச் சம்பளம் கம்மி. காரணம் சொல்லாமல் வீட்டுக்கு அனுப்பலாம். பழைய வருடங்களுக்குப் பணிக்கொடை என்று வந்து நிற்க முடியாது. வயதைக் குறைக்க உலகம் என்னென்னவோ களிம்பு பூசிப் பார்க்கிறது. எங்கள் ஐயா ஒரே ஒரு போர்டை மாற்றிக் கம்பெனி முழுவதையும் இளமையாக்கிவிட்டார். ஆண்டறிக்கையில் இதை 'இளமைத் திட்டம்' என்று குறிப்பிட்டேன். ஐயா அந்த வரியை இரண்டு முறை படித்தார்.

இந்த இளமையை ஏற்க மறுத்த ஒரே ஜீவன் கெசியா. மூன்றாம் லைனில் ஷூவின் மேல்பாகம் தைப்பவர். மகள் வயிற்றில் இருந்தபோது வேலைக்குச் சேர்ந்தார். அந்த மகள் இப்போது வேலூரில் நர்சிங் படிக்கிறாள். பச்சை டேக்கைக் கொடுத்தால் மரியாதையாக வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு, மறுநாள் நீலத்தோடுதான் வந்து நிற்பார்.

"திங்கக்கெழமைலேர்ந்து பச்ச டேக் இல்லன்னா கேட்டுக்குள்ள விடக் கூடாதுன்னு ஐயா சொல்லிட்டாரும்மா," என்றேன், அன்போடு.

"ஏன் சார்? மறுபடியும் டிரெய்னின்னா இத்தினி வருஷமா நான் இன்னா, கனவா கண்டுனு இருந்தேன்?"

"மனசால இளமையா இருக்கணும்மா."

"மனசு இளமையாத்தான் சார் இருக்குது. முதுகுதான் ஒத்துக்க மாட்டேங்குது."

முன்னேற்றத்தைப் புரிந்துகொள்ளாத உள்ளம் என்று எண்ணி நகர்ந்தேன்.

இந்த நிலையில்தான் ஜெனிஃபா மேடம் வெள்ளிக்கிழமை வருவதாகத் தகவல் வந்தது. எங்கள் ஷூக்களை வாங்கும் வெளிநாட்டுக் கம்பெனியின் சென்னைப் பிரதிநிதி அவர். அவர் தலையசைத்தால் ஆர்டர், அசைக்காவிட்டால் வேறு கம்பெனிக்கு ஆர்டர். வருவதற்கு முன்பே ஒரு கேள்வி அனுப்பியிருந்தார்: 'உங்கள் தொழிலாளர்கள் மகிழ்ச்சியாக இருக்கிறார்களா? ஆதாரம் உண்டா?'

மகிழ்ச்சிக்கு ஆதாரம்! அவசரக் கூட்டம் கூடியது. பிரியாணி போடலாம் என்றார் ஐயா. அது சாயங்காலத்துக்குள் செரித்துவிடும், ஆதாரம் நிற்காது என்று சுட்டிக்காட்டினேன். அப்போதுதான் எனக்குள் எம்.பி.ஏ. விழித்தது. பேரணாம்பட்டிலிருந்து வரும் கம்பெனி பஸ்ஸில் பெண்கள் எல்லோரும் தலை குனிந்து போனில் ஏதோ செய்துகொண்டு வருவார்கள். ஜெபம் என்றுதான் வெகு நாள் நினைத்திருந்தேன். பிறகுதான் தெரிந்தது, 'பேட்டில் பஜார்' என்ற ஆன்லைன் விளையாட்டு. ஒருவரை ஒருவர் சுட்டுக்கொள்ளும் சமாதானமான பொழுதுபோக்கு. அதில் ஒரு போட்டி நடத்தி, கேன்டீனில் பெரிய திரையில் காட்டினால் மகிழ்ச்சியை மேடம் கண்ணால் பார்க்கலாமே!

செவ்வாய்க்கிழமை ஒத்திகை நடந்தது. திரையில் வீராங்கனைகள் ஓடினார்கள். அவரவர் தலைக்கு மேல் அவரவர் சூட்டிக்கொண்ட பெயரும் ஓடியது.

"இன்னாய்யா இது சூரியபிரகாஷ்?" என்றார் ஐயா. "'பாத்ரூம்_டோக்கன்'னு ஒருத்தி ஓடறா. 'டார்கெட்_பேய்' அவளத் தொரத்துது."

"சும்மா விளையாட்டுப் பெயர் ஐயா."

"'சாம்பார்ல_பருப்பு_எங்க'?"

"சமையல் ஆர்வம் ஐயா."

"மரத்துக்குப் பின்னால 'எச்ஆர்_ஜால்ரா'ன்னு ஒண்ணு ஒளிஞ்சினு இருக்குதே?"

"அது... இசை ஆர்வம் ஐயா."

அப்போது எல்லோரையும் சுட்டு வீழ்த்திவிட்டு, தலையில் கிரீடத்தோடு, லெவல் அறுபத்தொன்றில் ஒரு உருவம் குன்றின் மேல் ஏறி நின்றது. அதன் பெயர் 'பர்மனென்ட்_கெசியா'.

ஐயா எழுந்துவிட்டார். "இது பொய்த் தகவல்! மேடம் பாத்தா இன்னா ஆவறது? யாரு பர்மனென்ட்டு, எப்போலேர்ந்து பர்மனென்ட்டுன்னு நோண்டுவாங்களே. பேஜாராய்டும்யா. மாத்து, எல்லாப் பேரையும் மாத்து!"

அன்று மாலையே 'பயனர் பெயர் தூய்மைக் குழு' உதயமாயிற்று. ஐயா தலைவர், நான் செயலாளர். திரை கேன்டீனில் இருந்ததால் கேன்டீன் கான்ட்ராக்டர் உறுப்பினர். ஆனால் அந்த விளையாட்டின் சட்டம் கறாரானது. முதல் முறை பெயர் மாற்றுவது இலவசம். அடுத்த முறை, வைரம் என்று ஒன்றைக் காசு கொடுத்து வாங்கி, அதைக் கொடுத்துத்தான் மாற்ற வேண்டும். எங்கள் பெண்கள் இலவசத்தை எப்போதோ தீர்த்துவிட்டிருந்தார்கள். 'சாம்பார்ல_பருப்பு_எங்க'வே முன்பு 'சாம்பார்_வெந்நீர்' என்று இருந்ததுதானாம். வைரம் வாங்கக் குழு ஒப்புதல் அளித்தது. எந்தக் கணக்கில் எழுதுவது என்று கேட்ட அக்கவுன்ட்ஸ் பிரிவிடம், 'கண் பாதுகாப்பு உபகரணம்' என்று எழுதச் சொன்னேன். ஐயாவின் கண்ணைத்தானே பாதுகாக்கிறோம்!

குழு பரிந்துரைத்த முதல் பெயர் 'நன்றியுள்ள_ஊழியர்'. 'இந்தப் பெயர் ஏற்கெனவே எடுக்கப்பட்டுவிட்டது' என்றது விளையாட்டு. வேறு ஏதோ ஒரு கம்பெனியிலும் குழு போட்டுவிட்டார்கள் போலிருக்கிறது. 'ஐயா_வாழ்க'வும் காலியாக இல்லை. எந்த ஐயாவோ. கடைசியில் எண் சேர்த்து 'ஐயா_வாழ்க_27' முதல் வரிசையாக எடுத்து, கட்டிங் பிரிவுக்கு விநியோகித்தோம்.

மூன்றாம் லைன் மட்டும் பாக்கி. சாப்பாட்டு நேரத்தில் கெசியாவின் மெஷின் அருகே போய் நின்றேன்.

"பேர மாத்திடும்மா. 'டிரெய்னி_கெசியா'ன்னு வச்சுக்க. காலியா இருக்குது, பாத்துட்டேன்."

அவர் டிபன் பாக்ஸை மூடினார். "மாத்தினா என் லெவல் போய்டுமா சார்?"

"போகாதும்மா."

"யார் சொன்னா?"

"நான் சொல்றேன்ல, எச்.ஆர்."

"அதான் சார் கேக்கறேன். யார் சொன்னா?"

நிர்வாகத்தின் நம்பகத்தன்மை பணயத்தில் இருந்தது. போனை எடுத்து, லைன் முழுவதும் எட்டிப் பார்க்க, விளையாட்டின் உதவிப் பகுதியில் கேள்வியைத் தட்டினேன். பதில் உடனே வந்தது. உரக்க வாசித்தேன்: "கவலை வேண்டாம். பெயர் மாறினாலும் உங்கள் லெவல், உங்கள் வெற்றிகள், நீங்கள் சேர்ந்த தேதி எதுவும் மாறாது. நீங்கள் அதே நபர்தான்."

லைன் முழுவதும் கெசியாவைத் திரும்பிப் பார்த்தது. பக்கத்து மெஷின் சைரா முதலில் வாயைத் திறந்தாள்.

"அக்கா, இது மனுஷனா, மெஷினா?"

"மெஷினுதான்டி."

"அப்போ அதையே எச்.ஆர். ஆக்கிடலாம்க்கா."

தொழில்நுட்பத்தின் மேல் அவளுக்குள்ள ஈடுபாட்டை மனதுக்குள் பாராட்டினேன்.

கெசியா என் பக்கம் திரும்பினார். "சரி சார், மாத்திடறேன். கம்பெனி மரியாத கெடாத பேரா இருந்தாப் போதும்தான?"

"போதும்மா."

"கம்பெனி பேரே வச்சுக்கலாமா?"

என் கண்கள் கலங்கிவிட்டன. இதற்கு மேல் என்ன விசுவாசம் வேண்டும்! சைராவும் இன்னும் இரண்டு பேரும் தங்களுக்கும் கம்பெனி பெயர்தான் வேண்டும் என்றார்கள். நான்கு பேருக்கும் வைரத்தை அள்ளிக் கொடுத்தேன். ஐயாவிடம் சொன்னபோது அவரும் நெகிழ்ந்தார். "பாத்தியா, நல்ல ஜனங்கதான்யா. ஆனா திங்கக்கெழம பச்ச டேக் விஷயத்துல மாத்தம் இல்ல."

வெள்ளிக்கிழமை வந்தது. ஜெனிஃபா மேடம் முன்வரிசையில் அமர்ந்தார். கட்டிங் பிரிவுக்கும் மூன்றாம் லைனுக்கும் இறுதிப் போட்டி. நேர்முக வர்ணனை அடியேன். திரையில் வரும் அறிவிப்புகளை மைக்கில் கம்பீரமாக வாசிக்க ஆரம்பித்தேன்.

"'பொன்னடி_ஷூஸ்' களத்தில் குதித்தது! 'ஐயா_வாழ்க_27' சுட்டு வீழ்த்தப்பட்டார்! 'ஐயா_வாழ்க_28' சுட்டு வீழ்த்தப்பட்டார்!"

கேன்டீன் அதிர்ந்தது. ஐயா கையைத் தட்டத் தூக்கி, எதற்குத் தட்டுவது என்று தெரியாமல் இறக்கினார்.

"'பொன்னடி_ஃபுட்வேர்' புதருக்குள் மறைந்தது! 'பொன்னடி_எக்ஸ்போர்ட்ஸ்' செத்துவிட்டது! இல்லை இல்லை, மறுபடியும் உயிர் பெற்றுவிட்டது! 'பொன்னடி_குளோபல்' பின்பக்கமாக ஓடுகிறது!"

பெண்கள் மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்கள். ஒருத்திக்குப் புரையேறிவிட்டது. மேடம் தன் கணினியில் 'மகிழ்ச்சி: மிக அதிகம்' என்று தட்டியதை நானே பார்த்தேன். எனக்கும் குஷி தாங்கவில்லை. என்ன வாசிக்கிறேன் என்பது, நாலாவது முறை 'பொன்னடி' செத்துப் பிழைத்தபோதுதான் எனக்கே உறைத்தது. அதற்குள் ஆட்டம் முடிந்து, மூன்றாம் லைன் ஜெயித்து, திரையில் பட்டியல் வந்து நின்றுவிட்டது. முதலிடம்: 'பொன்னடி_ஷூஸ்', லெவல் அறுபத்தொன்று.

மேடம் மேடைக்கு வந்தார். "கம்பெனி பேர் பொன்னடி குளோபல்தானே? மத்ததெல்லாம் யாரு?"

"அதெல்லாம் வேற வேற கம்பெனி மேடம்," என்று ஐயா முந்தினார். "எங்களுக்கும் அதுக்கும் சம்பந்தமே கெடையாது."

"பொன்னடி ஷூஸ் நான்தான் மேடம்," என்றார் கெசியா. "அங்கதான் மொதல்ல வேலைக்குச் சேந்தேன்."

"அது எங்க இருக்கு?"

"மாடில. மூணாவது லைனு, ஓடாத ஃபேனுக்குக் கீழ."

"பொன்னடி ஃபுட்வேர்?"

"அதே ஃபேனு மேடம்."

"எக்ஸ்போர்ட்ஸ்?"

"ஃபேன இன்னும் ரிப்பேர் பண்ணல மேடம்."

கேன்டீனில் எழுந்த சிரிப்பு மேடத்தின் முகத்தைப் பார்த்ததும் அடங்கியது. அவர் வரிசை வரிசையாகப் பச்சை டேக்குகளைப் பார்த்துக்கொண்டே போய், கெசியாவின் நீலத்தில் வந்து நின்றார்.

"எத்தனை வருஷமா தைக்கிறீங்க?"

"எம் பொண்ணு வயசு மேடம். பதினெட்டு."

"எனக்கு வந்த விவரத்துல எல்லாரும் ஏப்ரல்ல சேர்ந்த டிரெய்னின்னு இருக்கே?" மேடம் ஐயாவின் பக்கம் திரும்பினார். "பேர் மாறினா இவங்க லெவல் போய்டுமா சார்?"

ஐயா என்னைப் பார்த்தார். நான் திரையைப் பார்த்தேன்.

"மேடம், அது விளையாட்டு," என்றார் ஐயா. "அங்க ரூல்ஸ் இருக்குது."

சொன்ன பிறகு அவருக்கே என்னவோ போலாகிவிட்டது. மேடம் கைப்பையை எடுத்தார். "இவங்க லெவல் திரும்பி வந்ததும் சொல்லி அனுப்புங்க. அப்புறம் ஆர்டரப் பத்திப் பேசலாம்." அவருக்கென்று ஐயா வரவழைத்திருந்த பிரியாணியைக்கூடச் சாப்பிடாமல் கார் ஏறிவிட்டார்.

ஐயாவின் பெருந்தன்மையைப் பாருங்கள்! சனி, ஞாயிறு இரண்டு நாளும் தூங்காமல் யோசித்து, திங்கட்கிழமை காலை விழா எடுத்துவிட்டார். பந்தல், நாதஸ்வரம், என் கைவண்ணத்தில் ஒரு பேனர்: 'தொழிலாளர் குடும்பத்துக்கு ஐயாவின் அன்புப் பரிசு: பழைய சர்வீஸ் முழுவதும்!' தாம்பாளத்தில் பூவோடு நீல டேக்குகள். ஒவ்வொரு பெண்ணும் வரிசையில் வந்து, ஐயா கையால் தன்னுடைய வருடங்களைப் பெற்று, போட்டோவுக்குச் சிரித்து, நன்றி சொல்லிவிட்டுப் போனாள். சைரா மட்டும் நன்றி சொல்லும்போது கொஞ்சம் அதிகமாகச் சிரித்தாள்.

கெசியாவின் முறை வந்தது. அவர் கழுத்தில் ஏற்கெனவே நீலம்தான் இருந்தது. ஐயா கையில் டேக்கை வைத்துக்கொண்டு எங்கே போடுவது என்று தெரியாமல் தடுமாறினார்.

"எனக்கு வேணாம் சார், என்னுது என்கிட்டயே இருக்குது," என்றார் கெசியா. பிறகு பேனரை அண்ணாந்து பார்த்துவிட்டு என்னிடம் திரும்பினார். "ஏன் சார், எடுத்தத திருப்பிக் குடுக்கறதுக்குப் பேரு பரிசா?"

இது என்ன கேள்வி! ஒரு சின்னப் பெயர் மாற்றம் செய்திருக்கிறோம், அவ்வளவுதான். போன வெள்ளிக்கிழமை வரைக்கும் அந்த வருடங்களுக்குப் 'பொய்த் தகவல்' என்று பெயர்; திங்கட்கிழமை முதல் 'அன்புப் பரிசு'. பெயர்தான் மாறியிருக்கிறது, ஆள் அதே ஆள்தான்.